ஃப்ரோசனா, சில்டா? ஷப்பெக்கோவுல நாலு வருஷமா கோழி வாங்குறவனோட ரிவ்யூ

பிரேசிலுக்கு வேலைக்கு வர்ற நம்ம ஆளுங்க என்கிட்ட கேக்குற முதல் நாலஞ்சு கேள்வியில கோழி கண்டிப்பா இருக்கும். ஃப்ரோசன் வாங்கலாமா, அந்த ஐஸ்ல என்ன கலந்திருக்கு, ஹார்மோன் ஊசி போட்டு வளர்க்கிறாங்களாமே உண்மையா, இப்படி. ஒவ்வொருத்தருக்கும் தனித்தனியா வாய்ஸ் மெசேஜ் அனுப்பிட்டு இருக்கேன், அதான் ஒரே இடத்துல எழுதி வெச்சிடலாம்னு உக்காந்தேன். நான் இருக்கிறது சாண்டா கத்தரீனா மாநிலத்தோட மேற்குப் பக்கம் ஷப்பெக்கோங்கிற ஊர்ல. வேலை குளிர்பதன மெஷின் சர்வீஸ், அதாவது கோழி வெட்டுற ஃபேக்டரி, கோல்ட் ஸ்டோரேஜ், சூப்பர் மார்க்கெட் ஃப்ரீசர், எங்க கம்ப்ரெஸர் மக்கர் பண்ணாலும் போய் பாக்கணும். வீட்ல வாரம் ரெண்டு கோழி செலவாகுது, அதனால வெளியிலேர்ந்தும் பாத்திருக்கேன், உள்ள போயும் பாத்திருக்கேன்.

முடிவை மொதல்லயே சொல்லிடுறேன். துண்டு போடாத முழுக் கோழி, சில்டு (உறைய வைக்காம குளிர்ல மட்டும் வெச்சது), மத்திய அரசு இன்ஸ்பெக்ஷன் முத்திரையோட, மசாலா தடவாதது. இதை வாங்குனா காசுக்கு வஞ்சனையே இல்ல. அவசரத்துக்கு ஃப்ரோசன் வாங்கலாம், ஆனா பாத்து வாங்கணும், ஏன்னு கீழ சொல்றேன்.

இந்த ஊரைப் பத்தி கொஞ்சம் தெரிஞ்சுகிட்டா கோழி ஏன் இவ்ளோ மலிவுன்னு புரியும். உலகத்துலயே அதிகமா கோழிக்கறி ஏற்றுமதி பண்ற நாடு பிரேசில், 2004-லேர்ந்து அந்த இடத்தை யாரும் புடுங்கல. 2024-ல மட்டும் 52 லட்சம் டன்னுக்கு மேல கப்பல் ஏறியிருக்கு. அதுல பெரிய பங்கு எங்க தெற்கு மாநிலங்கள் மூணுலேர்ந்துதான், பரனா, சாண்டா கத்தரீனா, ரியோ கிராண்டே டு சூல். கன்டெய்னர் எல்லாம் பரனகுவா, இட்டஜாயி துறைமுகம் வழியா போகுது. பெரிய பிராண்டுங்க பாதி இந்த சாண்டா கத்தரீனாவுல பொறந்ததுதான். பெர்டிகாங் 1934-ல இன்னைக்கு விடெய்ராங்கிற ஊர்ல, சாடியா 1944-ல கொங்கோர்டியாவுல, சியாரா 1956-ல சியாராங்கிற ஊர்லயே, அவுரோரா கூட்டுறவு 1969-ல எங்க ஷப்பெக்கோவுல. சாடியாங்கிற பேரே கம்பெனியைக் குறிக்கிற 'சா'வும் கொங்கோர்டியாவோட கடைசி 'டியா'வும் சேர்ந்ததுதான். இங்க வர்றதுக்கு முன்னாடி அது ஏதோ அரபுப் பேர்னுதான் நெனச்சிட்டு இருந்தேன், ஏன்னா வளைகுடாவுல வேலை பாத்த எங்க சித்தப்பா வாயில எப்பவும் அந்தப் பேரு இருக்கும். முதல் ஏற்றுமதி 1975-ல, போனதும் அந்த வளைகுடாப் பக்கம்தான்.

ஆனா வெட்டுற கோழியில மூணுல ரெண்டு பங்கு வெளிய போறதே இல்ல, இங்கயே சாப்பிடுறாங்க, ஆளுக்கு வருஷத்துக்கு சுமார் 45 கிலோ. 1994-ல இந்த நாட்டுப் பணமா புது ரெயல் நோட்டு வந்தப்ப ஒரு கிலோ கோழி கிட்டத்தட்ட ஒரு ரெயலுக்குக் கிடைச்சுதாம், அந்தப் புதுப் பணத் திட்டம் ஜெயிச்சதுக்கே கோழியைத்தான் அடையாளமா சொல்வாங்க. இப்ப எங்க ஏரியாவுல முழுக் கோழி கிலோ 10, 12 ரெயல்னு வாரத்துக்கு வாரம் ஏறி எறங்குது.

சரி, ஃப்ரோசனுக்கு வர்றேன். போன வருஷம் ஒரு சூப்பர் மார்க்கெட்ல ஆஃபர்னு போட்டிருந்தாங்கன்னு நாலு ஃப்ரோசன் முழுக் கோழி தூக்கிட்டு வந்தேன் (கடை பேரும் வேணாம், பிராண்டு பேரும் வேணாம், ஒரு தடவை நடந்ததை வெச்சு ஒருத்தர் பேரைக் கெடுக்க எனக்கு இஷ்டமில்ல). ஒண்ணை எடுத்து பிரிட்ஜோட கீழ்த் தட்டுல ஒரு பேசின்ல வெச்சு ஒன்றரை நாள் உருக விட்டேன். பாக்கெட்ல போட்டிருந்த எடை 2.412 கிலோ. உருகினதுக்கப்புறம் பேசின்ல தேங்குன தண்ணியை மட்டும் கிச்சன் தராசுல வெச்சா 310 கிராம், ரோஸ் கலர்ல, மேல லேசா நுரையோட. வயித்துக்குள்ள கையை விட்டா இன்னும் ஒரு துண்டு ஐஸ் உருகாம கெடக்கு. கிட்டத்தட்ட 13 சதவீதம் தண்ணிக்கு கறி விலை குடுத்திருக்கேன்னு தெரிஞ்சப்ப வயிறு எரிஞ்சிது.

இதுக்கு இங்க சட்டம் இருக்கு. விவசாய அமைச்சகம் 1998-ல போட்ட 210-ம் நம்பர் உத்தரவுப்படி, கோழியை குளிர்ந்த தண்ணித் தொட்டியில முக்கி எடுக்கும்போது 8 சதவீதத்துக்கு மேல தண்ணி ஏறக்கூடாது, ஃப்ரோசன் கோழியை லேப்ல உருக்கிப் பாக்கும்போது 6 சதவீதத்துக்கு மேல வடியக்கூடாது. நான் வீட்ல பண்ணது லேப் டெஸ்ட் இல்லதான், அவங்க முறையே வேற, அதனால என் 13-ஐ அப்படியே அந்த 6-க்குப் பக்கத்துல வெச்சு குத்தம் சொல்ல முடியாது. ஆனா அடுத்த மாசம் வேற ஒரு கோழியை அதே பேசின், அதே தட்டு, அதே நேரத்துக்கு வெச்சுப் பாத்தேன், 2.3 கிலோவுக்கு 115 கிராம்தான் வடிஞ்சுது, அதாவது 5 சதவீதம். சில்டு கோழி ஒண்ணுல மொத்தமே ரெண்டு ஸ்பூன். அப்ப வித்தியாசம் நிஜம்தானே.

என் தொழில் வெச்சு ஒண்ணு சொல்றேன், எப்பவும் ஃபேக்டரி மேலயே தப்பு இருக்கணும்னு இல்ல. லேபிள்ல மைனஸ் 12 டிகிரி இல்ல அதைவிடக் குளிரா வைக்கணும்னு போட்டிருக்கும். நான் சர்வீஸுக்குப் போற கடைங்கள்ல மேல திறந்த ஃப்ரீசர்ல, குவிச்சு வெச்ச கோழிங்கள்ல மேல் வரிசையில தெர்மாமீட்டரைச் சொருகிப் பாத்தா மைனஸ் 7 கூட காட்டியிருக்கு. மேல கெடக்கிறது பகல்ல லேசா உருகி ராத்திரி திரும்ப உறையும், அப்படி ஆக ஆக கறி நார் கிழிஞ்சு சாறு வெளிய வந்துடும், அதான் பேசின்ல தண்ணியா நிக்குது. அதனால பாக்கெட்டை எடுத்ததும் கவுத்துப் பாருங்க. அடியில செவப்பா ஐஸ் படிஞ்சு ஒரு பக்கம் தட்டையா ஒட்டியிருந்தா அது உருகி உறைஞ்சது, வெச்சிடுங்க. மேல கெடக்கிறதை விட்டுட்டு அடியிலேர்ந்து எடுங்க. ஃப்ரீசருக்கு உள்பக்கம் கோடு போட்டிருக்கும், அந்தக் கோட்டுக்கு மேல குவிச்சு வெச்ச கடையில ஃப்ரோசன் எதையுமே வாங்காதீங்க.

மிச்சம் மூணு கோழியை அப்படியே பில்லோட திருப்பி எடுத்துட்டுப் போனேன். பாக்கெட்ல 0800-ல ஆரம்பிக்கிற கஸ்டமர் நம்பர் இருக்கும், அதுக்கும் அடிச்சேன், லாட் நம்பர், தேதி, முத்திரை நம்பர் எல்லாம் பொறுமையா கேட்டு எழுதிக்கிட்டு ஒரு புகார் நம்பர் குடுத்தாங்க. கடையில முழுப் பணமும் திரும்பக் கிடைச்சுது, 1990-லேர்ந்து இங்க நுகர்வோர் சட்டம் ரொம்ப ஸ்ட்ராங், அந்தப் பேரைச் சொன்னாலே மேனேஜர் இறங்கி வந்துடுவார். ஆனா கம்பெனிகிட்டேர்ந்து ஏன் அவ்ளோ தண்ணி வந்துச்சுங்கிறதுக்கு இன்னை வரைக்கும் பதில் இல்ல, ஒரு கூப்பன் மட்டும் அனுப்பினாங்க. எனக்கு வேண்டியது கூப்பன் இல்ல, பதில். அதுக்காகவே ஃப்ரோசனுக்கு ஒரு மார்க் குறைக்கிறேன்.

முத்திரைன்னு சொன்னேன்ல, பாக்கெட்ல சின்னதா ஒரு வட்டம், நடுவுல எஸ் ஐ எஃப்னு எழுத்தும் ஒரு நம்பரும் இருக்கும், மத்திய அரசு இன்ஸ்பெக்ஷன் முத்திரை. இங்க எல்லாரும் சிஃப்னு ஒரே வார்த்தையா சொல்வாங்க. அந்த நம்பர்தான் எந்த ஃபேக்டரியில வெட்டுனதுன்னு சொல்லுது, பிராண்டு பேரு சொல்லாது. ஒரே பிராண்டுல ரெண்டு பாக்கெட் எடுத்தா ரெண்டு வேற நம்பர் இருக்கும், ஒண்ணு நம்ம ஊர்ப் பக்கத்துல வெட்டுனது, இன்னொண்ணு ஆயிரம் கிலோமீட்டர் தள்ளி. நான் சில்டு வாங்கும்போது பக்கத்து ஃபேக்டரி நம்பர் பாத்துதான் எடுப்பேன், வெட்டி ரெண்டு நாள்கூட ஆகியிருக்காது. மாநில முத்திரை, முனிசிபல் முத்திரைன்னும் உண்டு, அதுவும் சட்டப்படி சரிதான், அந்தந்த எல்லைக்குள்ள விக்கலாம். முத்திரையே இல்லாம ரோட்டோரம் ஐஸ் பெட்டியில விக்கிறதை மட்டும் தொடாதீங்க. முஸ்லிம் நண்பர்களுக்கு ஒண்ணு, ஹலால் கோழி ஏற்றுமதியில இந்த நாடுதான் பெருசு, பல ஃபேக்டரியில அதுக்குன்னே ஆளு இருக்காங்க, ஆனா உள்ளூர்ல விக்கிற எல்லா பாக்கெட்டும் ஹலால்னு அர்த்தமில்ல, ஹலால் முத்திரை தனியா இருக்கான்னு பாத்து வாங்குங்க.

மசாலா தடவுன கோழி, தெம்பெராடுன்னு போட்டிருக்கும், அதை நான் வாங்குறதில்ல. பின்னாடி திருப்பிப் பாத்தா ரெண்டாவது பொருளே தண்ணிதான், அப்புறம் உப்பு. நம்ம கையில மஞ்சளும் மொளகாய்த்தூளும் இருக்கும்போது உப்புத்தண்ணிக்கு எதுக்குக் காசு.

ஹார்மோன் விஷயம். இந்தக் கேள்வி நம்ம ஆளுங்க மட்டும் இல்ல, இந்த ஊர்க்காரங்களே கேக்குறாங்க. பாக்கெட்லயே எழுதியிருக்கும், ஹார்மோன் பயன்படுத்தல, பிரேசில் சட்டம் சொல்றபடின்னு. 2004-லயே கோழிக்கு ஹார்மோன் போடக்கூடாதுன்னு உத்தரவு வந்துடுச்சு. அதைவிட யோசிச்சுப் பாருங்க, ஒரு ஷெட்ல இருபதாயிரம், முப்பதாயிரம் குஞ்சு, ஒவ்வொண்ணையும் புடிச்சு ஊசி போட எந்தக் குடும்பத்தால முடியும்? கோழி 42 நாள்ல வளர்றதுக்குக் காரணம் பல தலைமுறையா பொறுக்கி எடுத்த ஜாதி, மக்காச்சோளமும் சோயாவும் கலந்த தீவனம், ஷெட்டுக்குள்ள ஒரே அளவுல வைக்கிற சூடு. ஒரு கிலோ எடை ஏற 1.6, 1.7 கிலோ தீவனம்தான் ஆகுது. கவலைப்படணும்னா ஆன்டிபயாடிக் பத்திக் கவலைப்படுங்க, அது நியாயமான கேள்வி. 2016-ல கொலிஸ்டின்ங்கிற ஆன்டிபயாடிக்கை வளர்ச்சிக்காக தீவனத்துல கலக்குறதைத் தடை பண்ணாங்க, மத்ததுக்கும் இதே மாதிரி சீக்கிரம் முடிவு கட்டணும்னுதான் என் ஆசை. ஆன்டிபயாடிக் இல்லாம வளர்த்ததுன்னு எழுதுன கோழியும் கடையில கிடைக்குது, விலை அதிகம், குழந்தைக்கு சூப் வைக்கும்போது நாங்க அதைத்தான் வாங்குறோம்.

நம்பலாமான்னு கேட்டா, பழைய கதையை மறைக்காம சொல்லணும். 2017 மார்ச்ல ஃபெடரல் போலீஸ் கார்னி ஃப்ராக்கான்னு ஒரு ஆபரேஷன் நடத்துனாங்க, இன்ஸ்பெக்டருங்க லஞ்சம் வாங்கிட்டு கண்டுக்காம விட்டாங்கன்னு. அடுத்த வருஷம் சால்மொனெல்லாங்கிற வயித்தைக் கெடுக்கிற கிருமிக்கான லேப் ரிப்போர்ட்டுல தில்லுமுல்லுன்னு இன்னொண்ணு வெடிச்சுது, ஐரோப்பா 20 ஃபேக்டரியை லிஸ்ட்லேர்ந்து தூக்கிடுச்சு. அதுக்கப்புறம் நான் போற இடங்கள்ல கெடுபிடி ஜாஸ்தி, எங்கள மாதிரி மெஷின் ஆளுங்க உள்ள போறதுக்கே தலையிலேர்ந்து கால் வரைக்கும் வெள்ளை மாத்தி, பூட்ஸ் கழுவி, கை கழுவி, அப்புறம்தான் கதவு தொறக்கும். இருந்தாலும் பச்சைக் கோழியில சால்மொனெல்லா இருக்கலாம்னு நெனச்சுதான் சமைக்கணும். 2001-லேர்ந்து எப்படிக் கையாளணும்னு லேபிள்லயே கட்டாயம் போடணும். நம்ம வழக்கப்படி சிங்க்ல போட்டு அலசி அலசிக் கழுவாதீங்க, தெறிக்கிற தண்ணி பக்கத்துல இருக்கிற கொத்தமல்லி மேலதான் போய் விழும். எனக்கும் அதை விட ஆறு மாசம் ஆச்சு, எங்கம்மாகிட்ட போன்ல சொன்னா இன்னும் நம்பல.

2025 மே மாசம் பறவைக் காய்ச்சல் வந்தப்ப எங்க ஊரே கதி கலங்கிப் போச்சு. ரியோ கிராண்டே டு சூல்ல மொண்டெநெக்ரோங்கிற இடத்துல ஒரு பண்ணையில, இந்த நாட்டுலயே வணிகப் பண்ணைக்குள்ள அது நுழைஞ்சது அதுதான் முதல் தடவை. சீனா, ஐரோப்பா எல்லாம் உடனே வாங்குறதை நிறுத்துனாங்க. அந்த நாள்ல ஒரு பண்ணை வாசல்ல சர்வீஸ் வண்டியோட நின்னேன், டயர்லேர்ந்து டூல் பாக்ஸ் வரைக்கும் மருந்து அடிச்சாங்க, அப்படியும் ஷெட் பக்கமே விடல. அந்தப் பண்ணைக்காரர் முகத்தை இன்னும் மறக்க முடியல. இங்க பண்ணைக்காரருங்க இன்டெக்ராடு முறையில இருக்காங்க, ஒரு நாள் குஞ்சு, தீவனம், டாக்டர் எல்லாம் கம்பெனி குடுக்கும், ஷெட்டும் உழைப்பும் குடும்பத்தோடது, அந்த ஷெட் கட்டுன பேங்க் கடனும் குடும்பத்தோடதுதான். குஞ்சு வரலன்னா கடன் மட்டும் நிக்கும். 2016-ல இதுக்குன்னே ஒரு சட்டம் வந்து கான்ட்ராக்ட் எப்படி இருக்கணும்னு எழுதி வெச்சாலும், பேரம் பேசுற பலம் யார் பக்கம்னு அந்த வாசல்ல நின்னா தெரியும். 28 நாள் வேற எந்தப் பண்ணையிலயும் வரல, ஜூன் 18-ம் தேதி நோய் இல்லன்னு நாடு அறிவிச்சப்பதான் எல்லாரும் மூச்சு விட்டாங்க.

அப்புறம் வெட்டுறவங்க. மலிவா கிடைக்குதுன்னு சந்தோஷப்படும்போது இதையும் தெரிஞ்சுக்கணும். எங்க மாடிக்குக் கீழ் வீட்ல ஒரு ஹைட்டி நாட்டு அக்கா இருக்காங்க, எலும்பு எடுக்கிற செக்ஷன்ல வேலை. 2010 நிலநடுக்கத்துக்கப்புறம் அந்த நாட்டுக்காரங்க நிறைய பேர் இந்தப் பக்கம் வந்தாங்க, இப்ப வெனிசுவேலாக்காரங்களும். வெட்டுற ஹால் 12 டிகிரிக்கு மேல போகக்கூடாது, அந்தக் குளிரை ஓட்டுற மெஷினை ரிப்பேர் பண்றவன் நான், அதுல நாள் முழுக்க நிக்கிறவங்க அவங்க. நான் அரை மணி நேரம் நின்னாலே வெரல் மரத்துப் போகுது. ஒரு நாள் எங்க வீட்டு கிச்சன் மேடையில ஒரு முழுக் கோழியை எப்படி வெட்டணும்னு காட்டுனாங்க. கத்தியை எலும்பு மேல வைக்கவே இல்ல, காலை வெளிப்பக்கமா மடக்குனதும் மூட்டு தானா எழும்பி வருது, அந்த இடைவெளியில கத்தி நுனி ஒரு தடவை போய் வந்துச்சு, அவ்ளோதான், தொடை தனியா கையில. முழுக் கோழி எட்டு துண்டாக ஒரு நிமிஷம்கூட ஆகல. வெட்டி முடிச்சுட்டு கத்தியை வெச்சவங்க வலது மணிக்கட்டை இடது கையால அழுத்திப் பிடிச்சுக்கிட்டாங்க, கேட்டா எப்பவும் இப்படித்தான்னு சொன்னாங்க. 2013-ல என் ஆர் 36-னு ஒரு விதி வந்து, எட்டே முக்கால் மணி நேர ஷிஃப்ட்டுல மொத்தம் ஒரு மணி நேரம் இடைவேளை குடுத்தாகணும்னு ஆச்சு, அதுக்கு முன்னாடி இருந்தவங்க பட்ட பாட்டைக் கேக்கவே கஷ்டமா இருக்கு. முழுக் கோழியா வாங்கி வீட்ல வெட்டிக்கங்கன்னு நான் சொல்றதுக்கு விலை ஒரு காரணம், இது இன்னொரு காரணம்.

ருசிக்கு வர்றேன். சில்டு முழுக் கோழி நம்ம கொழம்புக்கு ஏத்ததுதான், ஆனா சீக்கிரம் வெந்துடும், குக்கர்ல வைக்காதீங்க, நார் நாராப் போயிடும். மூடி போட்ட சட்டியில 25 நிமிஷம் போதும். தொடைக்கறி அருமை. நெஞ்சுக்கறி நம்ம மசாலாவைச் சரியா உறிஞ்சாது, அதை இந்த ஊர் மாதிரியே பண்ணிடுங்க. மினாஸ் ஜெராயிஸ் பக்கத்து சமையல்ல கோழியும் வெண்டைக்காயும் ஒண்ணா போட்டு ஒரு குழம்பு இருக்கு, மக்காச்சோளக் களியோட குடுப்பாங்க, முதல் வாயிலயே நம்ம வீட்டுச் சாப்பாடு மாதிரி இருந்துச்சு. உடம்பு சரியில்லன்னா இவங்க குடிக்கிறது கோழியும் அரிசியும் போட்ட 'கன்ஜா'ங்கிற (canja) சூப், ஆமா, அந்தப் பேரே நம்ம கஞ்சிதான், போர்ச்சுகீசியர் மலையாளக் கரையிலேர்ந்து கொண்டு போன வார்த்தை. அதுக்கு வயசான நாட்டுக்கோழி போட்டாதான் சரியா வரும், இங்க கைப்பீரான்னு சொல்வாங்க, குறைஞ்சது 70 நாள் வளர்த்தது, விலை ரெண்டு மடங்குக்கு மேல, குக்கர் இதுக்கு வெச்சுக்கலாம். கோழி இதயம் தனியா தட்டுல அடுக்கி விப்பாங்க, கல்லுப்பும் பூண்டும் தடவி கம்பியில குத்தி கரியில சுட்டா பக்கத்து வீட்டுப் பசங்கெல்லாம் வந்து நிப்பாங்க.

ஞாயித்துக்கிழமை சமைக்க முடியலன்னா பேக்கரி வாசல்ல கண்ணாடிப் பெட்டிக்குள்ள கோழி சுத்திக்கிட்டு இருக்கும், நாய்ங்க எதிர்ல உக்காந்து பாத்துட்டே இருக்கும், அதனால அந்த மெஷினுக்கே நாய் டிவின்னு பேரு. ஃபரோஃபாவோட, அதாவது வறுத்த மரவள்ளி மாவோட, கட்டிக் குடுப்பாங்க. 11 மணிக்கு எடுங்க, 1 மணிக்கு மேல இருக்கிறது காஞ்சு போனது. காரை எடுத்துட்டுப் போக முடிஞ்சா ஒரு தடவை கஷியாஸ் டு சூல் பக்கம் போய் கலேட்டு சாப்பிடுங்க, ஒரு மாசக் குஞ்சுக்கோழியை சேல்வியாங்கிற வாசனை இலையோட ஊற வெச்சு தணல்ல சுடுறது, இத்தாலியிலேர்ந்து வந்து குடியேறினவங்க காட்டுல சின்னப் பறவை வேட்டையாடி சாப்பிட்டதுக்குப் பதிலா வந்த சாப்பாடு. கூட வர்ற சூப்பும் பொலெந்தாங்கிற மக்காச்சோளக் களியும் சேர்த்து அந்த ஒரு சாப்பாட்டுக்காகவே அந்த மலை ஏறலாம்.

என் மார்க்: சில்டு முழுக் கோழிக்கு அஞ்சுக்கு நாலரை, ஃப்ரோசனுக்கு மூணு, மசாலா தடவுனதுக்கு ஒண்ணு. எங்க ஏரியா கடையில செவ்வாயும் வெள்ளியும் காலையில சில்டு லோடு இறங்குது, ஒன்பது மணிக்குள்ள போனா அன்னைக்கு வந்த தேதி கைக்கு வரும், உங்க ஊர்ல எந்த நாள்னு கவுண்டர்ல இருக்கிறவங்ககிட்ட கேளுங்க, சொல்லிடுவாங்க. வாங்குனதும் ஒரே ஒரு தடவை பேசின்ல வெச்சு எடை போட்டுப் பாருங்க, முத்திரை நம்பரோட குறிச்சு எனக்கு அனுப்புங்க, நான் ஒரு நோட்டுல சேர்த்துக்கிட்டு வர்றேன், இதுவரைக்கும் 17 கோழி ஆச்சு.